நர்மதா கொடுத்த உத்தரவாதம்

நல்லாம்பதியில் மாடு வைத்திருக்கும் யாரைக் கேட்டாலும், நர்மதாவின் கையைப் பற்றி ஒரு வார்த்தை சொல்வார்கள். வாயைப் பற்றி ஒன்பது வார்த்தை சொல்வார்கள். கை நல்ல கை. சினை ஊசி போட்டால் பெரும்பாலும் தப்பாது. வாய்தான் கொஞ்சம் நீளம். ஆனால் அந்த வாய் யாரையும் வைததைவிட, யாருக்காவது பரிந்து பேசியதுதான் அதிகம்.

"இந்தக் கெடாரி இந்தத் தடவ நிக்குமுங்க, அதுக்கு நானு உத்தரவாதம்" என்பாள். "அந்தப் பையன் குடிக்க மாட்டானுங்க, பொண்ணக் குடுங்க, நானு உத்தரவாதம்" என்பாள். மாட்டுக்கும் மனிதனுக்கும் அவளிடம் ஒரே உத்தரவாதம்தான். கிடாரி சொன்னபடி சினை பிடித்தது. பையன் பின்னால் குடித்தான் என்பது வேறு கதை. அதற்கும் அவளே போய்ப் பெண் வீட்டாரிடம் திட்டு வாங்கிக்கொண்டு வந்தாள். கொடுத்த வாக்கை விட்டு ஓடுகிற ஆள் இல்லை.

கொல்லங்கோட்டுக்குக் கிழக்கே, மழை மலையோடு நின்றுவிடுகிற பக்கத்தில் இருக்கிறது நல்லாம்பதி. மாந்தோப்பு, தென்னை, நிலக்கடலை, வீட்டுக்கு இரண்டு கறவை. சட்டப்படி கேரளம்; சந்தையில் பேசுவது கோயமுத்தூர்த் தமிழ். நர்மதா அங்கேயே தமிழ்ப் பள்ளியில் படித்து, அரசு வேலையில் சேர்ந்து, கால்நடைத் துறையில் லைவ்ஸ்டாக் இன்ஸ்பெக்டர் ஆனவள். அந்தப் பெயர் ஊரார் வாயில் நுழையாததால் 'மாட்டு டாக்டரம்மா' ஆகிவிட்டாள். "டாக்டர் வேற ஆளுங்க, நானு இன்ஸ்பெக்டர்" என்று சில வருடம் திருத்திப் பார்த்துவிட்டு அவளும் விட்டுவிட்டாள்.

வேலை கிடைத்த புதிதில் அவளைத் தூக்கி மலைமேல் பீர்மேட்டில் போட்டார்கள். வெயிலில் வளர்ந்தவளுக்கு அந்தக் குளிரும் அட்டைக்கடியும் ஒத்துக்கொள்ளவே இல்லை. ஒருமுறை காய்ச்சலில் விழுந்து கிடந்தபோது, எஸ்டேட் கூலியாட்களின் லயத்து வீட்டிலிருந்து கஞ்சி கொண்டுவந்து ஊற்றிப் பிழைக்க வைத்தவள் முத்துப்பேச்சி. தேயிலைக் கொளுந்து பறிக்கிறவள். அவள் புருசன் மொக்கையன் இரண்டு மாடு வைத்துப் பால் ஊற்றிக்கொண்டிருந்தார். பிற்பாடு நர்மதா மாற்றல் வாங்கி ஊருக்கு வந்தாள். சில வருடத்தில் அந்த எஸ்டேட்டும் மூடிக்கொண்டது. புருசனும் பெண்டாட்டியும் மூட்டை முடிச்சோடு மலை இறங்கி நல்லாம்பதிக்கு வந்தார்கள். கால்நடைத் துறையின் சிறு மையத்தில் பகுதி நேரத் துப்புரவுப் பணி ஒன்று காலியாக இருந்தது. 'ஆள் நல்ல ஆள், நான் உத்தரவாதம்' என்று சொல்லி மொக்கையனை அதில் சேர்த்துவிட்டவள் நர்மதாதான். கஞ்சிக் கடன் என்று அவள் அதைச் சொல்லவில்லை. சொல்லாவிட்டாலும் அதுதான்.

வினை வந்தது ஓணத்தின்போது.

கோமாரித் தடுப்பூசி போடும் மாதம் அது. மருந்து முழுவதும் மையத்தின் குளிர்பெட்டியில் இருந்தது. விடுமுறை நாட்களில் மொக்கையன் ஒரு நடை வந்து, பெட்டி ஓடுகிறதா என்று பார்த்துவிட்டுப் போவார். யாரும் போட்ட உத்தரவு அல்ல, அவராகப் பழகிக்கொண்டது. அந்த ஓணத்துக்கு அவர் தயங்கித் தயங்கி வந்து நின்றார்.

"அம்மா, பீர்மேட்டுல மாமியாருக்கு ரொம்ப முடியலையாம். பேச்சி அழுதுக்கிட்டே இருக்கா. ரெண்டு நாளு போயிட்டு வந்துரட்டுமா?"

"போயிட்டு வாங்கண்ணா. பொட்டிய நானு பாத்துக்கறேன்" என்றாள் நர்மதா.

பார்த்தாள். திருவோணத்தன்று காலையில் போய்ப் பார்த்தபோது பெட்டி நன்றாகவே ஓடிக்கொண்டிருந்தது. அன்று சாயங்காலம் இடியும் மின்னலுமாக ஒரு மழை பிடித்தது. மறுநாள் நாத்தனார் குடும்பம் வந்து இறங்கியது. நாளைக்குப் பார்த்துக்கொள்ளலாம் என்று இருந்துவிட்டாள். விடுமுறை முடிந்து மையத்தைத் திறந்தபோது பெட்டி செத்துக் கிடந்தது. உள்ளே மருந்து வெளியில் இருக்கும் சூட்டிலேயே இருந்தது.

அதை அப்படியே மூடி மறைத்து ஊசி போட்டுவிட்டுப் போயிருந்தால் யாருக்கும் தெரிந்திருக்காது. மாடு வந்து சாட்சி சொல்லப் போவதில்லை. ஆனால் மருந்து கெட்டது என்று தெரிந்தே ஊசியை ஏற்றுகிற கை இல்லை அவளுக்கு. அத்தனையையும் ஒதுக்கி வைத்துவிட்டு, மேலதிகாரிக்கு அவளே போன் போட்டுச் சொன்னாள்.

விசாரணைக்குத் தெற்கிலிருந்து மாற்றலாகி வந்த ஒரு அதிகாரி வந்தார். மரியாதையான மனிதர், மெதுவாகப் பேசுகிறவர். "மொழி எடுக்கணம்" என்றார். மலையாளத்தில் மொழி என்றால் வாக்குமூலம். மொழி எடுக்க வந்த மனிதர் மொழியிலேயே தடுக்கி விழப்போகிறார் என்று அப்போது யாருக்குத் தெரியும்?

அதற்குள் யாரோ அவர் காதில் போட்டிருந்தார்கள்: மொக்கையன்தான் போனுக்குச் சார்ஜ் ஏற்றுவதற்காகப் பெட்டியின் பிளக்கைப் பிடுங்கியிருப்பார் என்று. ஊர் வாயை மூட உலைமூடி ஏது? அதிகாரி அதைக் கேள்வியாகக் கேட்டதும் நர்மதாவுக்குச் சுர்ரென்று ஏறிவிட்டது. மொக்கையன் அந்த நாட்களில் ஊரிலேயே இல்லை என்று அவளுக்குத் தெரியும். ஆனால் அதைச் சொன்னால், 'பெட்டியைப் பார்க்க வேண்டியவன் லீவு எழுதிக் கொடுக்காமல் ஊருக்குப் போனானா?' என்று அது வேறு வழக்காகும். பகுதி நேர ஆளை நிறுத்த ஒரு போன் போதும். அதனால் ஊரில் இல்லை என்பதை விழுங்கிவிட்டு, தனக்குத் தெரிந்த மலையாளத்தில் படபடவென்று சொன்னாள்.

"மொக்கையன் செய்திட்டில்லா சாரே. அதினு ஞான் உத்தரவாதம்!"

அதிகாரி ஒரு கணம் அவளை நிமிர்ந்து பார்த்தார். "உறப்பாணோ?" என்று கேட்டார். நிச்சயமாகத்தானா என்று கேட்கிறார். "நூறு சதமானம்" என்றாள், நூற்றுக்கு நூறு. அவர் எழுதினார், வாசித்துக் காட்டினார், கையெழுத்துப் போட்டாள்.

சில நாளில் தற்காலிகப் பணியிடை நீக்க உத்தரவு வந்தது. அரசு மருந்து கெட்டதற்குத் தானே காரணம் என்று அவள் ஒப்புக்கொண்டிருப்பதால், மேல் விசாரணை முடியும்வரை வேலையிலிருந்து நிறுத்தி வைக்கப்படுகிறாள்.

நர்மதா அதை மூன்று முறை படித்தாள். ஒப்புக்கொண்டேனா? நானா? எப்போது? அவளுக்குத் தோன்றியது ஒன்றுதான்: அந்த மனிதர் சொல்லாததை எழுதிவிட்டார். அன்றிலிருந்து தினமும் காலையில் காப்பி குடிக்கிற நேரத்தில் அவரைச் சபிப்பது வழக்கமானது. "சாது மாதர மூஞ்சிய வெச்சுக்கிட்டு எழுதுனான் பாருங்க! அவன் பேனா முள்ளு முறிய!" என்பாள். அவள் புருசன் பூபதிராஜா தோப்புக்காரர். மாங்காய் விலையைத் தவிர வேறெதற்கும் கோபப்படாதவர். "வுடு புள்ள, காப்பி ஆறுது" என்பார்.

ஒப்புக்கொண்டாள் என்று எழுதி ஆன பிறகு யார் விசாரிக்கப் போகிறார்கள்? பெட்டி எப்படி நின்றது என்று ஒருவரும் வந்து பார்க்கவில்லை. மாதங்கள் போயின. உத்தரவு நீண்டுகொண்டே இருந்தது.

வேலை இல்லாமல் வீட்டில் இருப்பது நர்மதாவுக்குப் பழக்கமில்லாத நோய். விடிந்தால் ஸ்கூட்டர் சாவியைக் கை தேடும். ஆனால் ஊர் அவளைக் கைவிடவில்லை என்பதைச் சொல்லியே ஆகவேண்டும். பக்கத்துத் தோட்டத்து அர்த்தநாரி, எழுபதைத் தாண்டிய மனிதர், ஒருநாள் வந்து வாசலில் நின்றார்.

"ஏனம்மணி, சஸ்பென்சன்னா லாரிக்கு அடியில இருக்கறதுதான? அது ஒடஞ்சா பட்டறைக்கு உடுவாங்க. உன்னைய எந்தப் பட்டறைக்கு உடறதாம்?"

உத்தரவு வந்த பிறகு அவள் வாய்விட்டுச் சிரித்தது அன்றைக்குத்தான். "எர்ணாகுளத்துல ஒரு பட்டறை இருக்குதுங் மாமா. கோர்ட்டுன்னு பேரு" என்றாள்.

விளையாட்டாகச் சொன்னது மனதில் நின்றுவிட்டது. வேலையிலிருந்து நிறுத்தி வைத்தால் அதை எதிர்த்து வழக்குப் போடலாம் என்பது அவளுக்குத் தெரியும். வழக்குப் போட்டு வாழ்ந்தவர்களையும் தெரியும், வழக்கோடு பென்சன் வாங்கியவர்களையும் தெரியும். அதனால் தயங்கினாள். வக்கீலைக் காட்டியது முத்துப்பேச்சிதான்.

"எங்க எஸ்டேட்டு ஆஸ்பத்திரி கம்பவுண்டரு மக ஜின்சி எர்ணாகுளத்துல வக்கீலா இருக்கும்மா. சின்னதுல எங்கூட அஞ்சாங்கல்லு ஆடுன புள்ள. நம்ம பேச்சுதான் பேசும்."

ஜின்சி மலையாளிப் பெண். லயத்துப் பிள்ளைகளோடு வளர்ந்ததால் தமிழ் அவள் வாயில் பீர்மேட்டு வாசனையோடு வந்தது. நர்மதாவையும் பூபதிராஜாவையும் உட்கார வைத்துத் தேநீர் கொடுத்துவிட்டு, உத்தரவையும் வாக்குமூலத்தையும் படித்தாள். நர்மதா அதற்குள் அதிகாரியைப் பாதி சபித்து முடித்திருந்தாள்.

"இருங்கக்கா. அன்னைக்கு நீங்க சொன்னத சொன்னபடிக்கே சொல்லுங்க. தமிழ்ல சொன்னீகளா, மலையாளத்துலயா?"

"ரெண்டுலயும்தானுங்க. எங்க பக்கம் அப்படித்தான பேசுவோம்" என்று சொல்லிவிட்டு, நர்மதா அன்று சொன்னதை அதே சூட்டோடு சொல்லிக் காட்டினாள். அதினு ஞான் உத்தரவாதம்.

ஜின்சி பேனாவை வைத்தாள். முதலில் முகத்தைப் பொத்திக்கொண்டாள். அப்புறம் தோள் குலுங்கியது. கண்ணில் நீர் வரும்வரை சிரித்தாள்.

"அக்கா, மலையாளத்துல உத்தரவாதம்னா என்னன்னு நெனச்சீக?"

"உத்தரவாதந்தான். வேற என்ன?"

"பொறுப்புக்கா! 'உத்தரவாதி யாரு'ன்னு கேட்டா 'இதுக்குக் காரணமான ஆளு யாரு'ன்னு அர்த்தம். நீங்க மொக்கையண்ணனுக்கு ஜாமீன் நின்னீக. அவரு காதுல 'மொக்கையன் செய்யல, நாந்தான் பொறுப்பு'ன்னு விழுந்திருக்கு. உறப்பான்னு திருப்பி வேற கேட்டிருக்காரு, நல்ல மனுசன். நீங்க நூறு சதமானங்கறீக!"

நர்மதா வாக்குமூலத்தை எட்டி வாங்கி மறுபடி பார்த்தாள். இத்தனை வருடம் மலையாளத்தில் பேசியிருக்கிறாள். சந்தையில் தினம் 'உறப்பு' என்ற சொல்லைப் போட்டு வாங்கி விற்றிருக்கிறாள். ஆனால் கோபம் வந்தால் தாய்மொழிதான் முந்திக்கொண்டு வரும். வந்தது. வாசித்துக் காட்டியபோது அவள் காது அவள் சொன்னதைத்தான் கேட்டதே தவிர, அவர் எழுதியதைக் கேட்கவில்லை. தவளை தன் வாயால் கெடும் என்பார்கள். இந்தத் தவளை அடுத்தவனைக் காப்பாற்றக் கத்திக் கெட்டது.

அந்த அதிகாரியை நினைத்து அவளுக்கு வெட்கமாகப் போயிற்று. எத்தனை காலைக் காப்பி! பாவம், காதில் விழுந்ததை நேர்மையாக எழுதிய மனிதரை.

"கேசு நம்ம பக்கந்தான்" என்றாள் ஜின்சி. "ஆனா ஒண்ணு கேப்பாக. அங்க இல்லாத ஆளு நீங்க. எத வச்சு அவருக்கு ஜாமீன் நின்னீகன்னு கேட்டா என்ன சொல்றது?"

நர்மதாவின் முகம் சுருங்கியது. பதில் தெரியும். சொன்னால் மொக்கையன் பீர்மேட்டுக்குப் போனது கோர்ட்டு வரை ஏறிவிடும்.

"அது எனக்குத் தெரியுமுங்க. அவ்வளவுதான். இத்தன மாசம் விசாரிக்காமயே நிறுத்தி வெச்சது தப்புன்னு மட்டும் போடுங்க. அந்தச் சொல்லு வேண்டாமுங்க."

"அப்படிப் போட்டா மறுபடி பரிசீலனை பண்ணுங்கன்னு திருப்பி அனுப்புவாகக்கா. ஒப்புக்கிட்டீகங்கறது அப்படியே நிக்கும். ஆயுசுக்கும் உங்க பேர்ல நிக்கும்."

"நிக்கட்டுமுங்க."

ரயிலில் திரும்பும்போது காரணத்தைப் புருசனிடம் சொன்னாள். "மொக்கையண்ணன் காதுக்கு இது போகக் கூடாதுங்க. என்ற மேல ஆணை" என்று கையில் அடித்துச் சத்தியம் வாங்கிக்கொண்டாள். பூபதிராஜாவிடம் எத்தனையோ நல்ல குணம் உண்டு. ஆனால் அவர் வயிற்றில் ஒரு சேதி ஒருநாள் தங்கியதாகச் சரித்திரம் இல்லை. மறுநாள் தேங்காய் லோடு ஏற்றிவிட்டு வருகிற வழியில் மொக்கையனைப் பார்த்தார். அவ்வளவுதான்.

அடுத்த காலையில் மொக்கையன் வந்தார். வெள்ளை வேட்டி, சட்டை, கையில் ஒரு துணிப்பை. உட்காரச் சொன்னதற்கு உட்காரவில்லை.

"என்னம்மா இப்படிப் பண்ணிட்டீக? எனக்காகவா இம்புட்டு மாசம் ஊட்டுல ஒக்காந்திருக்கீக? ஊரு உலகமே உங்களக் குத்தவாளிங்குது, நான் பெருக்கிக்கிட்டு, சம்பளம் வாங்கிக்கிட்டு, ரெண்டு வேள சோத்தத் தின்னுக்கிட்டு... எப்படிம்மா இறங்கும்?"

"அண்ணா, உங்க வேல போயிருமுங்க."

"போகட்டும்! எஸ்டேட்டே போச்சு, இது என்ன வேல! கிளம்புங்க, அந்த வக்கீலுப் புள்ளைட்ட போவோம். நான் பீர்மேட்டுல இருந்தேன்னு நானே எழுதித் தாரேன். துணியெல்லாம் எடுத்துக்கிட்டுத்தான் வந்திருக்கேன். ஜெயிலுன்னாலும் சரி."

பைக்குள் உண்மையிலேயே மாற்று வேட்டியும் துண்டும் சோப்பும் இருந்தன. முத்துப்பேச்சி புளிச்சோறும் கட்டிக் கொடுத்திருந்தாள். நர்மதா அதைப் பார்த்துவிட்டு உள்ளே போய் அழுதாள். வெளியே வந்து பூபதிராஜாவை ஒரு முறை முறைத்தாள். அவர் தென்னை மரத்தில் காய் எண்ணுகிற பாவனையில் மேலே பார்த்துக்கொண்டிருந்தார்.

மறுபடியும் எர்ணாகுளம். மொக்கையன் ஜின்சியின் மேசைக்கு முன்னால் கைகட்டி நின்று, தான் லீவு எழுதிக் கொடுக்காமல் பீர்மேட்டுக்குப் போன 'குற்றத்தை' முழுசாகச் சொன்னார். மாமியார் படுக்கையில் கிடந்தது, ஜீப்பில் போனது, தாய் வாயில் பேச்சி கடைசியாகப் பால் ஊற்றியது, எல்லாம். ஜின்சி பொறுமையாகக் கேட்டாள்.

"அண்ணே, நீங்க போனது என்னைக்கு?"

"ஓணத்து லீவுலதாம்மா."

"லீவு நாள்ல பார்ட் டைம் ஆளுக்கு ஏதுண்ணே டூட்டி? நீங்க பீர்மேட்டுக்கும் போகலாம், டெல்லிக்கும் போகலாம். யாரு கேக்க முடியும்?"

இத்தனை வருடம் அவர் ஆசையாகச் செய்த வேலையை எல்லோரும் கடமை என்றே நினைத்துவிட்டார்கள். அவரும் நினைத்துவிட்டார், நர்மதாவும் நினைத்துவிட்டாள். இல்லாத பாம்புக்குப் பயந்து மாதக்கணக்கில் இரண்டு பேரும் கம்பைப் பிடித்துக்கொண்டு நின்றிருக்கிறார்கள். பூபதிராஜாதான் முதலில் சிரித்தார். அப்புறம் எல்லோரும் சிரித்தார்கள். மொக்கையன் மட்டும், "அப்ப ஜெயிலு இல்லியா?" என்று ஒருமுறை உறுதி செய்துகொண்டார்.

அரசு ஊழியர் வழக்கைக் கேட்பது தனித் தீர்ப்பாயம். ஊராருக்கு அதுவும் கோர்ட்டுதான். வழக்கு கூப்பிட்ட நாளில் நர்மதா பின்வரிசையில் உட்கார்ந்திருந்தாள். ஒரு பக்கம் புருசன், ஒரு பக்கம் மொக்கையன். தோற்றால் இந்த 'ஒப்புக்கொண்டாள்' ஆயுசுக்கும் பெயரோடு ஒட்டிக்கொண்டு வரும். இனி எந்த மாட்டுக்கு அருகில் போனாலும், மருந்தைக் கெடுத்தவள் என்றுதான் யாரும் நினைப்பார்கள்.

ஜின்சி எழுந்து, எல்லாம் ஒரு சொல்லில் வந்தது என்று தொடங்கினாள். நீதிபதி ஒரு அம்மையார். தமிழில் அந்தச் சொல்லுக்கு அப்படி ஒரு பொருள் இருக்கிறது என்பதற்கு என்ன ஆதாரம் என்று கேட்டார். ஜின்சி அகராதியை நீட்டினாள். அதோடு நிறுத்தாமல், "எல்லை தாண்டிப் பொள்ளாச்சியில் குக்கர் வாங்கினால் இரண்டு வருட உத்தரவாதம் என்று பெட்டியில் போட்டிருக்கும். அந்தக் குக்கர் குற்றத்தை ஒப்புக்கொள்ளவில்லை" என்றாள். நீதிபதி குனிந்துகொண்டார். சிரிப்பை மறைக்கத்தான்.

இனி அரசு வக்கீலின் முறை. பிரதீப் என்று பெயர். அவர் எழுந்தார். எதிர்ப்பக்கத்து ஆள், அவர் பிழைப்பே மறுப்பதுதான். இருபது வருடம் கேரள அரசில் வேலை பார்த்தவளுக்கு மலையாளம் தெரியாதா என்று ஒரே ஒரு கேள்வி கேட்டிருந்தால் போதும், கதை கந்தலாகியிருக்கும்.

அவர் கேட்கவில்லை. "நான் கொல்லங்கோட்டுப் பக்கத்துச் சித்தூர்க்காரன்" என்றார் மெதுவாக. "எங்கள் வீட்டில் மலையாளம்தான். ஆனால் எங்கள் தோட்டத்து ஆட்கள் எல்லாம் தமிழ் பேசுகிறவர்கள். ஒருவருக்காகப் பரிந்து பேசும்போது அவர்கள் இதே சொல்லைத்தான் சொல்வார்கள். நான் சிறு வயதிலிருந்து கேட்டிருக்கிறேன். மனுதாரர் சொல்வதை என்னால் மறுக்க முடியவில்லை." சொல்லிவிட்டு உட்கார்ந்துகொண்டார்.

பின்வரிசையில் நர்மதா இரண்டு கையையும் கூப்பினாள். அவர் திரும்பிப் பார்க்கவில்லை. பார்க்காவிட்டால் என்ன? அன்றிலிருந்து அவள் குலதெய்வத்துக்கு விளக்கேற்றும்போது, வேண்டுதலில் முன்பின் தெரியாத அந்த மனிதர் பெயரும் ஒன்று சேர்ந்துகொண்டது.

தீர்ப்பு வந்தது. ஒப்புதல் என்று சொல்லப்பட்டது ஒப்புதலே அல்ல, பணியிடை நீக்கம் ரத்து, உடனே வேலையில் சேர்க்க வேண்டும், பெட்டி எப்படி நின்றது என்று துறை முறையாக விசாரித்துக்கொள்ளட்டும், வாக்குமூலம் கொடுக்கிறவர் தன் தாய்மொழியில் சொல்லலாம், அதை அப்படியே பதிய வேண்டும்.

நர்மதா வேலையில் சேர்ந்த அன்று வீட்டுக்கு வீடு மாட்டைக் கொண்டுவந்து வரிசையில் கட்டிவிட்டார்கள். பாதி மாடுகளுக்கு ஒரு சீக்கும் கிடையாது. "சும்மா பாத்துட்டுப் போலாம்னுதான் அம்மணி" என்றார் அர்த்தநாரி, தன் எருமையைக் காட்டி. எருமை பார்க்க வந்ததா, அவர் பார்க்க வந்தாரா என்று அவள் கேட்டுக்கொள்ளவில்லை. ஒவ்வொரு மாட்டின் நெற்றியையும் தடவிக் கொடுத்தாள்.

புது விசாரணைக்கு வந்தவர் அதே அதிகாரி. தமிழும் மலையாளமும் எழுதத் தெரிந்த ஒரு எழுத்தரைக் கூடவே அழைத்து வந்திருந்தார். நர்மதா அவரைக் கண்டதும் எழுந்து, "மன்னிச்சுக்கங்க சார், உங்கள நெறைய வைஞ்சுட்டேன்" என்றாள். எழுத்தர் அதை மலையாளத்தில் சொன்னதும் அதிகாரி, தானும் அகராதி பார்த்திருக்க வேண்டும் என்றார். அத்தோடு கணக்குத் தீர்ந்தது.

விசாரணையும் சுருக்கமாக முடிந்தது. அந்தத் திருவோணத்து இடியில் தெருக்கோடி மாவு மில்லின் மெயின் சுவிட்சும் விழுந்திருந்தது. மில்காரர் அன்றே தூக்கிவிட்டிருந்தார். மையத்துச் சுவிட்சும் அதே இடியில் விழுந்தது, அங்கே தூக்கிவிட ஆள் இல்லை. அதுதான் நடந்தது. இத்தனை நாள் மில்காரரிடம் யாரும் கேட்கவில்லை, அவரும் சொல்லவில்லை. மறுநாள் போய்ப் பார்க்காமல் விட்டதை நர்மதா தானாகவே சொன்னாள். எழுத்தர் அதையும் எழுதிக்கொண்டார். மொக்கையனிடம் ஒரே கேள்விதான்: அன்று விடுமுறைதானே? ஆமாம் என்றார். போய் உட்காருங்கள் என்றார்கள்.

கடைசியில் அதிகாரி, வேறு ஏதாவது சேர்க்க வேண்டுமா என்று கேட்டார்.

"ஒண்ணு இருக்குதுங்க சார்" என்றாள் நர்மதா. எப்போதும் படபடக்கிறவள், அன்று ஒவ்வொரு சொல்லாக எடுத்து வைத்தாள். "இந்த மொக்கையண்ணன் வரலீன்னா நானு இந்த நாற்காலில உக்காந்திருக்க மாட்டனுங்க. வேல போனாலும் பரவால்லன்னு, ஜெயிலுக்குன்னு மாத்துத் துணி எடுத்துக்கிட்டு, எனக்காக எர்ணாகுளம் வந்தாருங்க. அத எழுதிக்கங்க."

எழுத்தர் அதிகாரியைப் பார்த்தார். இது விசாரணைக்குத் தேவையில்லாத விஷயம் என்றார் அதிகாரி, தன்மையாகத்தான்.

"தேவையில்லீங்க சார். இருந்தாலும் எழுதிக்கங்க. என்ற மொழிங்க இது."

அதிகாரி எழுத்தர் பக்கம் திரும்பினார். எழுதச் சொன்னார். பிறகு எல்லாவற்றையும், சொல் சொல்லாக, இந்த முறை மிக நிதானமாக வாசித்துக் காட்டச் செய்தார். மில், இடி, பெட்டி எல்லாம் வந்து போயின. கடைசிப் பத்தியில் மொக்கையன் பெயர் வந்தது. அவர் செய்தது வந்தது.

சுவரோரம் பெஞ்சில் இருந்த மொக்கையன் பெயர் கேட்டதும் எழுந்துவிட்டார். துண்டைத் தோளிலிருந்து எடுத்துக் கையில் வைத்துக்கொண்டார். உட்காருங்கள், உட்காருங்கள் என்று அதிகாரி கையைக் காட்டினார். அவர் உட்காரவில்லை. வாசித்து முடிக்கும்வரை நின்றுகொண்டே இருந்தார்.